இயர்போன் டைரி: சொன்னது தப்புன்னு இன்னொரு பாட்டு போட்ட ரெண்டு ஜான்கள்!

அக்கா பையனுக்கு ஆறு வயசு. போன கோடையில் ஒரு ஞாயிற்றுக்கிழமை, மொட்டைமாடியில் வடாம் காவலுக்கு எங்கள் இருவரையும் உட்கார வைத்திருந்தார்கள். காக்கா விரட்டிக்கொண்டிருந்தவன் திடீரென்று நிமிர்ந்து பார்த்துக் கேட்டான்.

"சித்தி, சூரியன்ல எது எரியுது? விறகா, கேஸா?"

"கேஸ்தான்டா" என்றேன், ரொம்ப நம்பிக்கையாக.

"அப்போ சிலிண்டர் எப்பத் தீரும்?"

இதற்கு என்னிடம் பதில் இல்லை. போனை எடுத்துத் தேடினேன். கிடைத்தது ஒரு ராக் பேண்டின் பாட்டு. சூரியன் என்பது ஒளிரும் வாயுக்களின் திரள் என்று உற்சாகமாக விளக்கும் பாட்டு. 'பார்த்தியா, சித்தி சொன்னது சரி' என்று பெருமைப்பட்டுக்கொள்வதற்குள் அடுத்த பாட்டு ஓடத் தொடங்கியது. அதே பேண்ட், அதே சூரியன். ஆனால், 'முன்னாடி சொன்னது சரியில்லை, சூரியன் வாயுவே கிடையாது' என்றது இந்தப் பாட்டு!

தான் பாடியதைத் தானே மறுத்துப் பாடும் ஒரு பேண்டா? அன்றைக்கு வடாமில் பாதியைக் காக்கா கொண்டுபோனது. நான் 'தே மைட் பி ஜயன்ட்ஸ்' ரசிகை ஆனேன்.

ராட்சதர்களாகவும் இருக்கலாம்!

ஜான் ஃப்ளான்ஸ்பர்க், ஜான் லினல். அமெரிக்காவின் மாசசூசெட்ஸ் மாநிலத்தில் உள்ள லிங்கன் என்ற சிற்றூரில் ஒன்றாக வளர்ந்தவர்கள். 1981-ல் நியூயார்க்கின் புரூக்ளின் பகுதிக்கு வந்து, ஒரே அபார்ட்மென்ட் கட்டடத்தில் குடியேறினார்கள். ஒருவர் கையில் கிட்டார், இன்னொருவர் தோளில் அக்கார்டியன். டிரம்ஸுக்கு ஆள் கிடையாது, மெஷின்தான்.

பேண்டின் பெயருக்கு 'அவர்கள் ராட்சதர்களாகவும் இருக்கலாம்' என்று அர்த்தம். 1971-ல் வந்த ஒரு படத்தின் பெயர் அது. காற்றாலைகளை ராட்சதர்கள் என்று நினைத்துச் சண்டைக்குப் போன டான் கிஹோட்டே கதைதான் அதற்கு மூலம். பொம்மையை வைத்துக் குரல் மாற்றிப் பேசும் நிகழ்ச்சி நடத்திய நண்பர் ஒருவர் வேண்டாம் என்று விட்ட பெயரை இவர்கள் எடுத்துக்கொண்டார்கள்.

கை உடைந்தது... போன் பாடியது!

வந்த புதிதில் இரண்டு அடி விழுந்தது. சைக்கிள் விபத்தில் லினலின் மணிக்கட்டு உடைந்தது. ஃப்ளான்ஸ்பர்க்கின் வீட்டில் திருடு போனது. மேடை ஏற வழியில்லை. சும்மா இருக்கவும் முடியவில்லை.

அப்போது வீட்டு போன்களில் 'ஆன்சரிங் மெஷின்' என்று ஒன்று இருக்கும். ஆள் இல்லாத நேரத்தில் யாராவது கூப்பிட்டால், பதிவு செய்து வைத்த குரல் பேசும். இவர்கள் அந்த கேசட்டில் தங்கள் பாட்டைப் பதிவு செய்து வைத்தார்கள். 'டயல்-எ-சாங்' என்று பெயர் சூட்டி, உள்ளூர்ப் பத்திரிகைகளில் நம்பரை விளம்பரம் செய்தார்கள். ஆபீஸ் போனிலிருந்து கூப்பிட்டால் இலவசம் என்பதுதான் விளம்பரமே!

ஒரு மெஷின், ஒரு லைன். ஒரு நேரத்தில் ஒருவர்தான் கேட்க முடியும். மற்றவர்களுக்கு எங்கேஜ்டு டோன். மெஷின் அடிக்கடி மக்கர் பண்ணும். ஆனாலும் 1980-களில் தொடங்கிய இது, 20 வருடங்களுக்கு மேல் ஓடியது. ஒருமுறை போன் செய்த ஒருவர், பாட்டு முடிந்த பிறகும் லைனில் இருந்தபடி 'இது என்ன, எதுக்காக இப்படிப் பண்றாங்க' என்று இன்னொருவரிடம் குழம்பிப் பேசிக்கொண்டிருந்தார். மெஷின் அதையும் பதிவு செய்தது. பேண்ட் அதையும் வெளியிட்டது!

எனக்கு இதில் பிடித்த விஷயம் ஒன்று உண்டு. ஆன்சரிங் மெஷினில் ஒரு பாட்டு சுமாராக இருந்தால் குடி முழுகிப் போகாது. நாளைக்கு வேறு பாட்டு போட்டுக்கொள்ளலாம். தப்பு செய்யவும், மாற்றிக்கொள்ளவும் அவர்களுக்கு ஓர் இடம் இருந்தது. பிறகு அவர்கள் செய்ததெல்லாம் அந்தப் பழக்கத்திலிருந்து வந்தது என்றுதான் தோன்றுகிறது.

எந்தக் கடையில் வைப்பது?

1990-ல் வந்த 'ஃப்ளட்' ஆல்பத்தைக் கேளுங்கள். மொத்தம் 19 பாட்டுகள். கோரஸாக ஒரு குட்டி அறிமுகப் பாட்டு. அடுத்து துள்ளலான பாப். 1953-ல் பிரபலமான ஒரு பழைய பாட்டு புது வேகத்தில். பிறகு அக்கார்டியன் வைத்து போல்கா, கௌபாய் ஊர் நாட்டுப்புறம், நேரடியான ராக். குறைந்தபட்சக் கூலியைப் பற்றிய ஒரு பாட்டில் பாடல் வரியே இரண்டே சொற்கள்தான். கூடவே ஒரு சாட்டையடிச் சத்தம்!

நம் ஊர் பாட்டுக் கடை என்றால் பாவம், இந்த கேசட்டை எந்த அலமாரியில் வைப்பது என்று கடைக்காரர் தலையைச் சொறிந்திருப்பார்.

இப்படித் தாவுவதால் இவர்களுக்கு 'காமெடி பேண்ட்' என்ற முத்திரை எளிதாக விழுந்துவிட்டது. எனக்கு அதில் உடன்பாடில்லை. பிரிட்டனில் 6-வது இடம் வரை போன இவர்களின் மிகப் பெரிய ஹிட் பாட்டைப் பாடுவது யார் தெரியுமா? குருவி வடிவத்தில் இருக்கும் ஒரு நீல நிற நைட் லேம்ப். தன் பரம்பரை, பாறைக் கரைகளில் நின்று கப்பல்களைக் காப்பாற்றிய கலங்கரை விளக்கங்கள் என்று அது பெருமை பேசுகிறது. கேட்கும்போது சிரிப்பு வரும். இருட்டில் பயந்து தூங்கிய ஒரு காலம் இருந்தவர்களுக்குத் தொண்டையும் அடைக்கும். அதே ஆல்பத்தில், பார்ட்டியில் இனவெறி பேசும் ஒருவரைச் சகிக்க முடியாமல், அவரை நண்பராக வைத்திருப்பவரிடமே கோபப்பட்டு வெளியேறும் பாட்டும் இருக்கிறது. அதில் சிரிக்க ஒன்றுமில்லை.

1992-ல் 'அப்பல்லோ 18'. அதில் சில விநாடிகளே ஓடும் 21 துண்டுப் பாட்டுகள். ஆல்பத்தை ஷஃபிளில் போட்டுக் கேட்டால் முழுப் பாட்டுகளுக்கு நடுவே இவை எங்கெங்கோ குறுக்கே வர வேண்டும் என்பது திட்டம். ஷஃபிள் பட்டனை நினைத்தே ஆல்பம் போட்டிருக்கிறார்கள்!

குறையும் சொல்லிவிடுகிறேன். லினலின் குரல் கொஞ்சம் மூக்கால் பாடுவதுபோல இருக்கும். முதல் தடவை சிலருக்குப் பிடிக்காது. சில பாட்டுகள் குறுக்கெழுத்துப் புதிர் மாதிரி. விடை கண்டுபிடித்தால் 'அட' என்போம், மனதில் ஒட்டாது. இத்தனை விதமாகத் தாவினால் எல்லாத் தாவலும் சரியாக விழாதுதான்.

சூரியன் விவகாரம்

இப்போது மொட்டைமாடிக்கு வருவோம். அந்த முதல் பாட்டு இவர்களுடையதே இல்லை. 1959-ல் குழந்தைகளுக்கு அறிவியல் சொல்லித்தர ஹை சாரெட், லூ சிங்கர் என்ற இருவர் எழுதியது. தே மைட் பி ஜயன்ட்ஸ் 1993-ல் அதைப் பாடி வெளியிட, ரசிகர்களிடம் ஒட்டிக்கொண்டது.

சூரியனின் வெப்பத்துக்கு அணுக்கரு வினைதான் காரணம் என்பதை அந்தப் பழைய பாட்டே சரியாகச் சொல்லிவிட்டது. சறுக்கியது 'வாயு' என்ற ஒரு சொல்லில். சூரியனின் வெப்பத்தில் அணுக்கள் அணுக்களாக இருப்பதில்லை. எலெக்ட்ரான்கள் பிய்த்துக்கொண்டு தனியே அலைகின்றன. திடம், திரவம், வாயு மூன்றிலும் சேராத நான்காவது நிலை அது. பெயர் பிளாஸ்மா.

2009-ல் குழந்தைகளுக்காக 'ஹியர் கம்ஸ் சயின்ஸ்' ஆல்பம் போட்டபோது இவர்களுக்கு இரண்டு வழிகள் இருந்தன. பழைய ஹிட்டை அப்படியே விட்டுவிடலாம், குழந்தைகள் கேள்வி கேட்கப்போவதில்லை. அல்லது அதைத் தூக்கிவிட்டு, பாடவே இல்லாத மாதிரி இருந்துகொள்ளலாம். இரண்டையும் செய்யவில்லை. பழைய பாட்டை ஆல்பத்தில் வைத்தார்கள். அதற்கு அடுத்த பாட்டாகவே திருத்தத்தையும் வைத்தார்கள். அதுவும் ஆடத் தோன்றும் ஒரு மெட்டில்!

ஒரு சைபர் கூடிய கதை

இது என்னை ஏன் இவ்வளவு தொட்டது என்பதற்குக் காரணம் உண்டு. கொஞ்ச நாள் முன்பு நான் எழுதிய ஒரு செய்தியில் ஓர் எண்ணுக்குப் பின்னால் ஒரு சைபர் கூடிவிட்டது. இரண்டு மணி நேரம் கழித்துத்தான் கவனித்தேன். யாரும் பார்த்திருக்க மாட்டார்கள் என்று சத்தமில்லாமல் அழித்துவிட்டேன்.

மறுநாள் ஒரு வாசகரிடமிருந்து மெயில். பழைய எண்ணை அவர் குடும்ப வாட்ஸ்அப் குரூப்பில் போட்டிருக்கிறார். மச்சினர் மறுத்திருக்கிறார். நிரூபிக்க லிங்க்கைத் திறந்தால் அங்கே வேறு எண். எல்லோர் முன்னாலும் பொய் சொன்னவர் ஆகிவிட்டார். 'மாத்தினது சரிம்மா. மாத்தினோம்னு ஒரு வரி போட்டிருக்கலாமே' என்று முடித்திருந்தார். திட்டியிருந்தால்கூடத் தாங்கியிருப்பேன்.

தப்பு என்னுடையது. அவமானம் அவருக்கு. சத்தமில்லாமல் திருத்தினால் இதுதான் நடக்கும். அன்றே செய்தியின் கீழே திருத்தம் என்று ஒரு வரி சேர்த்தேன், அவருக்கு மன்னிப்புக் கேட்டு பதில் எழுதினேன்.

கிராமி விருது இரண்டு முறை வாங்கிய பேண்டே, 'முன்னாடி சொன்னதை மறந்துடுங்க' என்று குழந்தைகளிடம் பாட முடிகிறது. 2022-ல் விபத்தில் ஏழு விலா எலும்புகள் உடைந்த ஃப்ளான்ஸ்பர்க், குணமானதும் மறுபடி மேடை ஏறிவிட்டார். சமீபத்திய கச்சேரிகளில் ஒரு பாட்டைக் கடைசியிலிருந்து முதலுக்குத் தலைகீழாகப் பாடி, அந்த வீடியோவைத் திருப்பி ஓட்டிக் காட்டுகிறார்கள். அறுபது வயது தாண்டியும் புதிதாக எதையாவது முயன்று பார்க்கும் தைரியம் அது. தப்பினால் திருத்திக்கொள்ளலாம் என்று தெரிந்தவர்களுக்குத்தான் அது வரும்.

எங்கிருந்து தொடங்கலாம்?

* வீட்டில் வாண்டுகள் இருந்தால்: 'ஹியர் கம்ஸ் சயின்ஸ்'. இரண்டு சூரியன் பாட்டுகளையும் அடுத்தடுத்து கேளுங்கள்.
* பெரியவர்களுக்கு: 'ஃப்ளட்', முதலிலிருந்து கடைசிவரை.
* பஸ்ஸில் போகும்போது: 'அப்பல்லோ 18'. மறக்காமல் ஷஃபிள்!

அக்கா பையனிடம் பிறகு சொன்னேன். "சித்தி தப்பாச் சொல்லிட்டேன்டா. அது கேஸ் இல்ல, பிளாஸ்மா. தீர இன்னும் சுமார் 500 கோடி வருஷம் ஆகும்."

கொஞ்சம் யோசித்தான்.

"அதுக்குள்ள வடாம் காய்ஞ்சிடும்ல?"