சோர்ஸ் ஃபைல் யார்கிட்ட இருக்கு?



இந்த வார எபிசோடில் ஆர்மா 3 மாதிரியான மிலிட்டரி சிமுலேஷன் கேம்கள் பற்றிப் பேசினப்போ, நேரமில்லாம ஒரு விஷயத்தை விட்டுட்டேன். பிரைவேட் மாட்கள்.

எங்க யூனிட்டில் நாலு வருஷமா அப்படி ஒரு மாட் ஓடிச்சு. யூனிஃபார்ம், ரெண்டு வண்டி. செஞ்சது ஒரே ஆள். லிங்க் எங்க 30 பேருக்கு மட்டும். போன வருஷம் அவருக்குக் குழந்தை பிறந்தது, வேலை மாறியது, அப்புறம் ஆளையே காணோம். அவர் மேல தப்பில்லை. ஆனா வண்டிகள் எரர் காட்ட ஆரம்பிச்சப்போ யாராலயும் சரிசெய்ய முடியலை. எங்ககிட்ட இருந்தது பேக் பண்ணின பிபிஓ ஃபைல் மட்டும்தான். உள்ளே இருக்கிற மாடல்கள் பைனரைஸ் ஆனவை. ஆப்ஜெக்ட் பில்டரில் திறந்து திருத்த முடியாது.

பிரைவேட்டா வைக்கிறதே தப்புன்னு நான் சொல்லலை. மாசக்கணக்கா உழைச்ச மாடலை இன்னொருத்தர் உருவி, தன் பேரில் ஏத்திக்கிட்டா யாருக்கும் வயிறு எரியும். பூட்டி வைக்கிறது அவங்க உரிமை.

ஆனா பூட்டி வைக்கிறது வேற, புதைக்கிறது வேற. 2012இல் டீன் ஹால், ஆர்மா 2க்கு டேஸீ மாடை எல்லாருக்கும் வெளியிட்டார். அதிலிருந்துதான் பிரெண்டன் கிரீன் தன் பேட்டில் ராயல் மாடைச் செஞ்சார். அந்த வழியில்தான் 2017இல் பப்ஜி வந்தது. ஏஸ்3 மாட் ஜிபிஎல் லைசென்ஸோட கிட்ஹப்பில் இருக்கு. செஞ்சவங்க விலகினாலும் அடுத்தவங்க தொடரலாம்.

எல்லாரும் அந்த அளவு திறக்க வேண்டாம். ஒரு பிரைவேட் ரெப்போ, அதில் ரெண்டாவதா ஒருத்தருக்கு அனுமதி, கூடவே "நான் ஒரு வருஷம் வரலைன்னா யூனிட் இதைத் திருத்திக்கலாம்"னு ஒரு வரி. அது போதும்.

நான் கான்ட்ராக்டர். ஒவ்வொரு வேலை முடியும்போதும் ஹேண்ட்ஓவர் எழுதிக் கொடுத்துட்டுத்தான் கிளம்புவேன். ஆனா இந்த நாலு வருஷத்தில் "சோர்ஸ் எங்கே வச்சிருக்கீங்க?"ன்னு அவரிடம் ஒரு தடவைகூட நான் கேட்கலை.

உங்க யூனிட்டில் மாட் செய்யறவர் இருந்தா, இந்த வாரமே கேளுங்க. முதல்ல ஒரு நன்றி சொல்லிட்டுக் கேளுங்க.

அடுத்த எபிசோடில் சந்திப்போம்.