கனவான்களுக்கு ஒரு கேள்வி

தோழர்களே! "கலையில் அரசியல் எதற்கு?" என்று சில கனவான்கள் உபதேசிக்கிறார்கள். வங்கதேசத்து சினிமா டைரக்டர் ஜாஹிர் ரைஹானின் கதையை அவர்கள் அறிவார்களா?

1952-ல், தாய்மொழிக்காக டாக்காவில் 144 தடையை மீறிக் கைதானவர் அவர். 1970-ல் 'ஜீபன் தேகே நேயா' படத்தில், சாவிக்கொத்தை வைத்துக்கொண்டு குடும்பத்தையே ஆட்டிவைக்கும் ஓர் அக்காளைக் காட்டினார். அவள் அயூப்கானின் சர்வாதிகாரம்தான் என்பது பாமரனுக்கும் விளங்கியது! 1971-ல் பாகிஸ்தான் ராணுவம் மக்களைக் கொன்று குவித்தபோது, 'ஸ்டாப் ஜெனோசைட்' என்ற செய்திப்படம் எடுத்து, உலகின் முன் குற்றஞ்சாட்டினார்.

அவ்வாண்டு டிசம்பர் 14-ல் அவர் அண்ணன், எழுத்தாளர் ஷஹீதுல்லா கைசரை அல்-பதர் கும்பல் பிடித்துச் சென்றது. அண்ணனைத் தேடி 1972 ஜனவரி 30-ல் மீர்பூர் போன ஜாஹிர் திரும்பவேயில்லை.

எழுத்தாளர்களை வீடு தேடிப் பிடித்த கொலைகாரர்களுக்குக் கலையின் வலிமை தெரிந்திருந்தது. நம் கனவான்களுக்குத்தான் தெரியவில்லையா? அல்லது, தெரிந்தேதான் உபதேசிக்கிறார்களா?