யதார்த்தவாதி யார்?

"யதார்த்தவாதி வெகுஜன விரோதி" என்று நம் நாட்டில் ஒரு பழமொழி வழங்கி வருகிறது. உள்ளதை உள்ளபடி சொல்லுகிறவனை ஊரார் பகைப்பார்கள் என்பதே இதன் கருத்து. ஆனால் படித்த வாலிபத் தோழர்களில் சிலர் இதைத் தலைகீழாகத் திருப்பிக்கொண்டு, ஊரார் மதிப்பதையெல்லாம் எவன் மறுத்துப் பேசுகிறானோ அவனே யதார்த்தவாதி என்று முடிவு கட்டிக்கொள்கிறார்கள். அதற்கு அவர்கள் கொண்டுவந்து நிறுத்தும் பெரிய சாட்சி, ஜெர்மனி தேசத்துத் தத்துவக்காரராகிய நீட்சே என்பவர். கடவுள் செத்துப்போனார் என்று எழுதினவர் அவர். (பிறவாதவர் எப்படிச் செத்தார் என்பது வேறு விஷயம்.) உண்மை என்பதும் சந்தேகத்திற்குரியது, ஒழுக்கம் என்பதும் மனிதர் கட்டிவிட்டது என்று எழுதினவரும் அவரே. ஆகவே அவர் நமக்கும் ஒருபடி மேற்பட்ட யதார்த்தவாதி என்பது இத்தோழர்களின் வாதம்.

இது வெறும் புத்தகச் சண்டையாக இருந்தால் நாம் ஒதுக்கிவிட்டுப் போயிருப்போம். ஆனால், "பகுத்தறிவுக்காரனுக்கு உண்மையும் கிடையாது, ஒழுக்கமும் கிடையாது" என்பது சுயமரியாதை இயக்கம் தோன்றிய நாள் முதலாக வைதிகர்கள் நம்மீது சுமத்திவரும் பழியாகும். அந்தப் பழியை நம் பக்கத்துப் பிள்ளைகளே பட்டமாக எடுத்துச் சூட்டிக்கொள்வதென்றால், பார்த்துக்கொண்டு சும்மா இருக்க முடியுமா?

முதலில் நீட்சேக்குக் கொடுக்க வேண்டியதைக் கொடுத்துவிடுவோம். 1844இல் பிறந்து 1900இல் இறந்த அவர், ஒருவன் ஒழுக்கம் போதிக்க வந்தால் அந்த ஒழுக்கம் யாரால், யார் நன்மைக்காக, என்ன அவசியத்தால் உண்டாயிற்று என்று கேட்கச் சொன்னார். 1887இல் அவர் வெளியிட்ட, ஒழுக்கத்தின் பூர்வோத்தரத்தைப் பற்றிய நூல் முழுவதிலும் ஓடுவது இந்தக் கேள்விதான். சாஸ்திரத்தை எழுதினவன் யார், எழுதினவனுடைய வயிற்றுக்கு அதில் என்ன இருக்கிறது என்று நம் தோழர்கள் மேடைதோறும் கேட்டதும் இதேதான். நீட்சேயைப் படித்துவிட்டுக் கேட்கவில்லை, திண்ணைக்கு வெளியே நிறுத்தப்பட்ட அனுபவத்தால் கேட்டார்கள். மனுவானாலும் பிளேட்டோவானாலும் பாதிரியானாலும், ஜனங்களைத் திருத்துவதற்காகப் பொய் சொல்லத் தங்களுக்கு உரிமை உண்டா என்று ஒருநாளும் சந்தேகப்பட்டதில்லை என்று அவர் கருத்துச் சொன்னதை எந்தச் சுயமரியாதைக்காரன் மறுப்பான்? இந்த மட்டிலும் அவர் கண் திறந்தவர்தான்.

நிற்க. 1888இல் அவர் எழுதி 1889இல் வெளிவந்த "விக்கிரகங்களின் அந்திப்பொழுது" என்னும் புத்தகத்தில், மனித சமூகத்தைச் சீர்திருத்த வந்தவர்களைப் பற்றி ஓர் அத்தியாயம் இருக்கிறது. ஒழுக்கத்தைச் சேர்ந்த சங்கதி என்று உலகில் ஒன்றுமே கிடையாது என்று அதன் ஆரம்பத்தில் அடித்துச் சொல்லுகிறார். அதே அத்தியாயத்தில் சற்றுத் தள்ளி மனுதர்மம் வந்து நிற்கிறது. சண்டாளன் பூண்டும் வெங்காயமுமே தின்னவேண்டும், ஆற்றிலோ கிணற்றிலோ தண்ணீர் எடுக்கக்கூடாது, மிருகங்களின் குளம்படிக் குழியில் தேங்கினதைத்தான் குடிக்கவேண்டும், துணி துவைக்கக்கூடாது என்று பட்டியல் போடுகிறார். அந்த இடத்தில் அவர் இதை முழுக்க மெச்சினார் என்று சொன்னால் நாம் நேர்மை தவறினவர்களாவோம். அங்கே வியப்போடு கொஞ்சம் அருவருப்பும் கலந்திருக்கிறது. ஆனால் அதே வருஷத்தில் எழுதப்பட்டு 1895இல் வெளிவந்த "கிறிஸ்து விரோதி" என்னும் புத்தகத்தில் ஒளிவு மறைவு ஒன்றும் இல்லை. பைபிளைப் பக்கத்தில் வைத்துப் பேசவும் கூடாத அளவுக்கு மனுநூல் உயர்ந்தது என்றும், ஜாதி அடுக்கு இயற்கையே விதித்த சட்டம் என்றும் வாய்விட்டுப் புகழ்ந்துவிட்டார்.

வேடிக்கையைப் பாருங்கள்! ஒழுக்கம் என்பது இயற்கையில் இல்லையாம். ஆனால் வருணாசிரமம் மட்டும் இயற்கையில் இருக்கிறதாம்! உண்மையைச் சந்தேகிக்கச் சொன்ன மனிதர், மனுவைச் சந்தேகிக்கவில்லை. அதுமட்டுமா? தாம் படித்த புத்தகம் மனுநூல்தானா என்றுகூட அவர் சந்தேகிக்கவில்லை. அவர் கையில் இருந்தது, பிரெஞ்சு இந்தியாவில் நீதிபதியாயிருந்த ஜகோலியோ என்பவர் 1876இல் வெளியிட்ட நூல். கண்டதையும் கேட்டதையும் சேர்த்துக் கட்டியது என்று அறிஞர்கள் பிற்பாடு எடுத்துக்காட்டிய நூல். பூண்டும் வெங்காயமும் இருபிறப்பாளர் தின்னக்கூடாது என்று மனுவின் ஐந்தாம் அத்தியாயத்தில் இருக்கிறதேயொழிய, சண்டாளன் அதைத்தான் தின்னவேண்டும் என்ற விதி அதில் கிடையாது. மெய்யான மனுவோ அதற்குக் குறைந்தவர் அல்லர்: சண்டாளன் ஊருக்கு வெளியே குடியிருக்க வேண்டும், உடைந்த சட்டியில் உண்ண வேண்டும், பிணத்தின் துணியை உடுத்த வேண்டும், நாயும் கழுதையுமே அவனுடைய சொத்து என்று பத்தாம் அத்தியாயம் சொல்லுகிறது. பியூலர் என்பவருடைய இங்கிலீஷ் மொழிபெயர்ப்பு 1886இலேயே அச்சாகிவிட்டது. இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்க யதார்த்தவாதிக்கு ஓர் அரைநாள் போதாதா?

இனி நம் நாட்டுச் சரக்கையும் கொஞ்சம் பார்ப்போம். மணிமேகலையைப் பாடினவர் மதுரைக் கூலவாணிகன் சாத்தனார், அதாவது தானிய வியாபாரி. வஞ்சி நகரத்தில் பல சமயத்தாரும் தங்கள் தங்கள் கொள்கையைச் சொல்லும் இடத்தில், பூதவாதி என்ற ஒருவனையும் அவர் கொண்டுவருகிறார். கண்கூடாகத் தெரிவதே பிரமாணம், இன்பமும் துன்பமும் இப்பிறப்போடு சரி என்பது அவன் கட்சி. உன்னைப் பெற்றவர்கள் இன்னார் என்பதை அனுமானத்தால் அல்லாமல் வேறு எப்படித் தெரிந்துகொண்டாய் என்று மணிமேகலை அவனை மடக்கிச் சிரிக்கிறாள். அவன் பதில் சொன்னானா என்பதைப் புலவர் சொல்லவில்லை. உலகாயதர்களின் வாக்கு பெரும்பாலும் எதிரிகளின் வாயாகத்தானே நமக்குக் கிடைத்திருக்கிறது! அது போகட்டும். பூதவாதி மறுத்தது பரலோகத்தை. இந்த உலகத்தை அல்ல. மண்ணும் நீரும் தீயும் காற்றும் அவனுக்கு மெய், பசியும் மெய். யதார்த்தவாதி என்ற பெயர் இவனுக்குத் தாராளமாகப் பொருந்தும்.

இவனைத் தாண்டிப் போனவர் ஒருவர் இருந்தார். ஜயராசி பட்டர் என்று பெயர். தத்துவோபப்லவசிம்மம் என்ற அவருடைய நூல் பரோடாவில் 1940இல் அச்சேறியது. கண்கூடு உட்பட ஒரு பிரமாணத்தையும் அவர் விட்டுவைக்கவில்லை. வேதக்காரனுக்கும் அடி, பௌத்தனுக்கும் அடி, ஜைனனுக்கும் அடி! படிக்க ருசியாகத்தான் இருக்கிறது. ஆனால் கடைசியில் எங்கே வந்து இறங்குகிறார்? தத்துவங்கள் எல்லாம் விழுந்துபோனபடியால், உலக வழக்கத்தை ஆராயாமல் அப்படியே அனுபவித்துக்கொண்டு போகலாம் என்ற இடத்தில்! கிரேக்க தேசத்துச் சந்தேகவாதிகள் கொள்கையை எழுதிவைத்த செக்ஸ்டஸ் என்பவரும் இந்தச் சத்திரத்தில்தான் வந்து தங்கினார். சந்தேகவாதியும் தன் ஊர் வழக்கப்படி தெய்வத்தைக் கும்பிட்டுக்கொண்டு போகிறான் என்றார். எல்லாவற்றையும் சந்தேகித்துக் கிளம்பினவன் மாமூல் வாசலில் வந்து படுத்துக்கொள்கிறான்.

அந்த மாமூல் நம் பக்கத்தில் என்ன செய்தது என்பதை வாலிபத் தோழர்கள் அறியவேண்டும். 1897இல் கமுதியில் மீனாட்சி சுந்தரேசுவரர் கோயிலுக்குள் நாடார்கள் போனார்கள். இராமநாதபுரம் ராஜா வழக்குத் தொடர்ந்தார். மதுரை சப்கோர்ட்டில் ஆரம்பித்த அந்த வழக்கு சென்னை ஹைக்கோர்ட்டுக்குப் போய், லண்டன் பிரிவிகவுன்சில் வரை ஏறி, 1908இல் நாடார்களுக்கு விரோதமாகவே முடிந்தது. அவர்கள் நுழைந்ததால் கெடுதி என்ன உண்டாயிற்று என்று ஒரு கோர்ட்டும் தராசில் வைத்து நிறுக்கவில்லை. சாஸ்திரம் இப்படி, வழக்கம் இப்படி என்பதே போதுமானதாயிற்று. பனை ஏறின ஜாதி என்ற ஒரு சொல், கப்பல் ஏறி லண்டன் வரை போய் ஜெயித்துத் திரும்பியது!

1939 ஜூலை 8ஆம் தேதி மதுரை மீனாட்சி கோயிலுக்குள் வைத்தியநாதய்யர் முன்னின்று, கக்கன் உள்ளிட்ட ஆதிதிராவிடத் தோழர்களையும் ஒரு நாடாரையும் அழைத்துப் போனார். போனவர்களுக்குப் பாதுகாப்பாக அந்த வருஷமே சட்டமும் வந்தது. கோயிலுக்குள் போவதால் மோட்சம் கிடைக்கும் என்று நாம் சொல்லவில்லை. போகக்கூடாது என்று ஒருவனைத் தடுப்பதுதான் நமக்குப் பிரச்சினை. கோயில் தீட்டாகிவிட்டது என்று சனாதனிகள் கூக்குரல் இட்டார்கள். அந்தச் சமயத்தில் நம் நீட்சேத் தோழர் கோபுர வாசலில் நின்றுகொண்டு, "தீட்டு உண்டு என்பது ஒரு வியாக்கியானம், இல்லை என்பதும் ஒரு வியாக்கியானம், தடுப்பது அநியாயம் என்பது மற்றொரு வியாக்கியானம், இதில் எதுவும் உண்மை அல்ல" என்று பிரசங்கம் செய்திருந்தால் யாருக்கு லாபம்? சனாதனி அவரைக் கட்டித் தழுவிக்கொண்டிருப்பான். தீட்டு பொய் என்று சொல்லுகிறவனுக்குத்தான் உண்மை வேண்டும். கதவைப் பூட்டி வைத்திருக்கிறவனுக்கு உண்மை எதற்கு? பூட்டு ஒன்றே போதும்.

"அப்படியானால் ஒழுக்கம் ஆகாயத்தில் எழுதி வைத்திருக்கிறதா?" என்று தோழர்கள் கேட்கலாம். இல்லை. மனிதன் உண்டாக்கினதுதான். ஆனால் மனிதன் உண்டாக்கினது என்பதாலேயே அதில் சரி தப்பு இல்லை என்று ஆகிவிடுமா? சாத்தனாருடைய தொழிலையே எடுத்துக்கொள்ளுவோம். படியும் மரக்காலும் மனிதன் செய்தவையே. ஆண்டவன் இறக்கிவைத்தது அல்ல. ஊருக்கு ஊர் மரக்கால் வேறுபட்டிருந்தது என்பதும் வாஸ்தவம். அப்படியிருந்தும், வியாபாரி குடியானவனிடம் வாங்கும்போது ஒரு படியும், கூலிக்காரிக்கு விற்கும்போது வேறொரு படியும் வைத்திருந்தால் அது கள்ளப்படி என்பதை ஒரு சிறு பிள்ளையும் கண்டுபிடித்துவிடும். இரண்டிலும் தண்ணீரை ஊற்றிப் பார்த்தால் தீர்ந்தது. படியைச் சோதிக்கிறவன் சந்தேகக்காரன்தான். அவன் சந்தேகம் கூலிக்காரிக்கு உபயோகம். அளவு என்பதே பொய் என்கிறவனும் சந்தேகக்காரன்தான். அவன் சந்தேகம் கள்ளப்படி வியாபாரிக்கு உபயோகம். தர்மமும் இவ்விதமே. பிராமணனுக்கு ஒரு தண்டனை, சூத்திரனுக்கு ஒரு தண்டனை என்று மனு எழுதினது கள்ளப்படி. அதைக் கண்டுபிடிக்க ஆகாயத்தைப் பார்க்க வேண்டியதில்லை, அந்த நூலையே எடுத்து ஒன்றுக்கொன்று ஊற்றிப் பார்த்தால் போதும்.

இது ஏதோ பழங்கதை என்று நினைக்க வேண்டாம். மதுரை ஜில்லா உத்தப்புரத்தில் 1989ஆம் வருஷத்தில் தாழ்த்தப்பட்டோர் குடியிருப்புக்கும் மற்றவர்கள் குடியிருப்புக்கும் நடுவே ஒரு சுவர் எழுப்பப்பட்டது. பத்தொன்பது வருஷம் நின்றது. போராட்டத்திற்குப் பிறகு 2008 மே 6இல் அதில் ஒரு பாகம் இடிக்கப்பட்டு வழி திறக்கப்பட்டது. சுவர் இருந்தது என்பது சங்கதி. அது அநியாயம் என்பது அபிப்பிராயம் மாத்திரமே என்று தத்துவக்காரர் சொல்லுவார். நாம் ஒன்று கேட்கின்றோம்: சுவருக்கு அந்தப் பக்கம் இருந்தவர்கள் தங்களை மறித்து அதேமாதிரி ஒரு சுவரை எழுப்ப ஒருநாள் சம்மதிப்பார்களா? சம்மதிக்கமாட்டார்கள் என்பதும் சங்கதிதானே! தனக்கு வேண்டாத படியைப் பிறனுக்கு வைத்து அளக்கிறான் என்பது, சுவரின் நீளத்தைப்போலவே கண்ணால் கண்டு சொல்லக்கூடிய சங்கதி. அதைக் காணாமல் செங்கல்லை மட்டும் எண்ணுகிறவன் பாதி யதார்த்தவாதி.

நீட்சேயை நம்மவருள் சரியாக எடைபோட்டவர் டாக்டர் அம்பேத்கர். 1927 டிசம்பர் 25இல் மகாத்தில் நடந்த மாநாட்டில் மனுநூலைக் கொளுத்தியவர் அவரே. இந்துமதத் தத்துவத்தைப் பற்றி அவர் எழுதி, அவர் காலத்திற்குப் பின் 1987இல் அச்சான நூலில், நீட்சேயின் ஜாரதுஷ்டிரனை மனுவின் மறுபதிப்பாகவே காட்டினார். ஆனாலும் வித்தியாசத்தை மறைக்கவில்லை. நீட்சே இருக்கிற மனிதனைக் காட்டிலும் உயர்ந்த மனிதன் இனிமேல் உண்டாகவேண்டும் என்று விரும்பினார்; மனுவோ ஏற்கனவே தங்களை உயர்ந்தவர்கள் என்று சொல்லிக்கொண்ட கூட்டத்தின் சலுகையைக் காப்பாற்ற விரும்பினார் என்று பிரித்துக் காட்டினார். தன்னை ஒடுக்கின நூலைப் புகழ்ந்தவனுக்கும் நியாயமாக அளந்து கொடுக்க முடிந்ததே, அதற்குப் பெயர் யதார்த்தம்!

ஆகவே நீட்சே யதார்த்தவாதியா என்ற கேள்விக்கு நமது அபிப்பிராயம் இதுதான்: குருமார்களின் மனத்தைத் தோண்டிப் பார்த்த மட்டிலும் ஆம்; மனுவின் காலடிக்கு வந்த மட்டிலும் இல்லவே இல்லை. இதை ஒப்பாத தோழர்கள் தாராளமாக மறுக்கலாம். அதற்கு முன் "கிறிஸ்து விரோதி"யில் 56, 57ஆவது பகுதிகளையும், மனுவின் பத்தாம் அத்தியாயத்தையும் நேர்நேராக வைத்துத் தமிழில் பெயர்த்துப் பார்க்கும்படி கேட்டுக்கொள்ளுகிறோம். யாராவது அப்படி எழுதி அனுப்பினால், நமக்கு விரோதமான முடிவோடு வந்தாலும் ஒரு வரி விடாமல் வெளியிடுவோம்.