உயிரின் விலை 1.95 டாலர்!

நீதி மாடத்தின் படிகள் நெடியவை, தோழர்களே! கீழ்மன்றம் தவறினால் மேல்மன்றம் திருத்தும் என்று நமக்குச் சொல்லிவைத்திருக்கிறார்கள். திருத்திய கதைகள் உண்டு, மறுப்பாரில்லை. திருத்த மறுத்த கதையொன்று, அமெரிக்காவின் அலபாமா மாநிலத்துக் கதை, கேளுங்கள்.

1957-இல் அங்கே மாரியன் என்னும் ஊரில், ஜிம்மி வில்சன் என்ற கறுப்பினத் தொழிலாளி, வெள்ளைக்கார மாது ஒருவரிடம் பணம் பறித்தார் என்று கூண்டிலேற்றப்பட்டார். பறித்தது எவ்வளவு? 1.95 டாலர்! அந்நாளைய நம் நாணயத்தில் ஒன்பது ரூபாய்ச் சொச்சம். கொள்ளைக்குப் பத்தாண்டுச் சிறையும் தரலாம், மரணமும் தரலாம், முடிவு ஜூரிகளின் கையில் என்றது அலபாமாச் சட்டம். ஜூரிகள் அத்தனை பேரும் வெள்ளையர். பத்தாண்டுக்கும் பாடைக்கும் இடையே, பாடையைத் தேர்ந்தார்கள் அந்தப் பண்பாளர்கள்!

"தொகையையா பார்ப்பது? வன்முறையல்லவா கொள்ளையின் உயிர்நாடி!" என்பர் சட்டம் கற்றோர். மெய்தான். ஓரணாவாயினும் கத்தி காட்டிப் பறித்தால் கொள்ளையே. ஆனால் அது, குற்றம் உண்டா என்ற கேள்விக்கு விடை. தண்டனை எவ்வளவு என்ற கேள்விக்கும் அதுவே விடையாகுமா? 'நான் குற்றவாளியல்லேன்' என்பது ஒரு முறையீடு. 'குற்றவாளியே ஆயினும் இத்தண்டனை தகாது' என்பது மற்றொன்று. இரண்டாவதைக் கேட்கச் செவியில்லாத மன்றம், மேலே இருக்கிறதே தவிர மேலானதன்று!

1958-இல் அலபாமா உச்ச நீதிமன்றம் செய்தது என்ன? பறித்த தொகை பொருட்டன்று என்றது. மரண தண்டனையை உறுதி செய்தது. கோவலன் வெட்டுண்ட பின்னரே மதுரையில் முறையீடு எழுந்தது. தவறுணர்ந்த பாண்டியன் தன் உயிரையே ஈடாகத் தந்தான். இங்கோ, முறையிட்டவர் உயிரோடிருக்கிறார், திருத்த நேரமும் இருக்கிறது, திருத்த மனமில்லை! இதை நான் நாடகமாக எழுதியிருந்தால், மிகைப்படுத்துகிறான் என்று நீங்களே எழுந்து போயிருப்பீர்கள்.

வில்சனின் தலை தப்பியது சட்டத்தாலா? அன்று, வெட்கத்தால்! உலகெங்கும் செய்தி பரவிற்று. ஆளுநர் ஜிம் ஃபோல்சமுக்கு நாளொன்றுக்கு ஆயிரம் கடிதங்கள்வரை குவிந்தன. அமெரிக்கத் தூதரகங்களின் வாயிலில் கண்டனம். கறுப்பருக்கு இழைத்த எத்தனையோ கொடுமைகளைக் கண்டும் காணாதிருந்த வாஷிங்டன், இதற்கு மட்டும் துடித்தது. வெளியுறவு அமைச்சர் டல்லஸே ஆளுநருக்குத் தந்தியடித்தார். ஆசியாவிலும் ஆப்பிரிக்காவிலும் சுதந்திரச் சரக்கு விற்க வேண்டுமே, சோவியத் கடைக்காரன் எதிரில் நிற்கிறானே! 1958 செப்டம்பர் 29-இல் மரண தண்டனை ஆயுள் தண்டனையாயிற்று. ஒன்பது ரூபாய்க்கு ஆயுள்! அதற்குப் பெயர் கருணை. வில்சன் பரோலில் வெளியே வந்தது 1973-இல்.

ஓருயிர் தப்பியது, சட்டம் அப்படியே நின்றது. 1964 செப்டம்பர் 4-இல் அதே அலபாமா, ஜேம்ஸ் கோபர்ன் என்பவரை மின்நாற்காலியில் அமர்த்திக் கொன்றது. அவர் மீது விதிக்கப்பட்ட தீர்ப்பு கொலைக்கானதன்று. கொள்ளைக்கானது.