காசு கொடுத்து வாங்கிய புகை

சிப்போட்லே மிளகாய் டப்பாவைத் திறந்து அம்மாவின் மூக்கருகே நீட்டினேன். மோந்து பார்த்தவர் முகத்தைச் சுளித்தார். "அடிப்பிடிச்ச வாடை வருதே. இதுக்குப் போயா காசு கொடுத்தே?"

அம்மா கேட்டதில் நியாயம் இருக்கிறது. ஜொகூரில் ரப்பர் தோட்டத்து லயன் வீட்டில் வளர்ந்தவர். பத்து வயதிலிருந்தே விறகடுப்பு ஊதியவர். மழைக்காலத்தில் ஈர ரப்பர் விறகு கக்கும் புகையைப் பற்றிப் பேச ஆரம்பித்தால் இன்றும் முந்தானை தானாகவே கண்ணுக்குப் போகும். கல்யாணமாகி சிங்கப்பூர் வந்து, வீவக வீட்டில் எரிவாயு அடுப்பைப் பற்றவைத்த நாளைத்தான் தன் வாழ்க்கையின் நல்ல நாள்களில் ஒன்றாகச் சொல்வார். அப்பாவுக்கு அதில் கொஞ்சம் வருத்தமும் உண்டு. அப்படி ஒருவர் புகையை விட்டுத் தப்பி வந்த வீட்டில், மகள் டப்பாவில் அடைத்த புகையை வாங்கிக்கொண்டு வந்து நிற்கிறாள்.

குற்றவாளி என் மகனின் பாலர் பள்ளித் தோழியின் அம்மா. மெக்சிகோவின் வடக்கே, மோன்டெரே நகரத்துக்காரர். ஈஸ்ட் கோஸ்ட் பூங்காவில் பிள்ளைகளுக்காக நடந்த விருந்தில் எல்லாரும் கோழியும் சாத்தேயும் வாட்டிக்கொண்டிருக்க, அவர் ஒரு பானை பீன்ஸோடு வந்தார். சாறு தளதளவென்று, மேலே கொத்தமல்லியும் பச்சை வெங்காயமும் தூவி இருந்தது. ஒரு கரண்டி வாயில் வைத்ததும் கரி அடுப்பில் வைத்துச் சமைத்தாரோ என்று நினைத்தேன். இல்லையாம், எல்லாம் அந்த மிளகாயின் வேலையாம்.

அந்தச் சமையலுக்குப் பெயர் ஃப்ரிஹோலெஸ் சாரோஸ். சாரோ என்றால் மெக்சிகோவின் குதிரைவீரர், மாட்டுப்பண்ணைக்காரர். வட மெக்சிகோ மாடு வளர்க்கும் வறண்ட நிலம். அங்கே பிண்டோதான் அன்றாடப் பயறு. தெற்கே வெராகுரூஸ், வஹாக்கா, யுகட்டான் பக்கம் போனால் கறுப்பு பீன்ஸின் ராஜ்ஜியம். பிண்டோ என்ற ஸ்பானியச் சொல்லுக்குப் புள்ளியிட்டது, வண்ணம் தீட்டியது என்று பொருள். காடை முட்டையைப் போல வெளிர் நிறத்தில் பழுப்புப் புள்ளிகள் இருக்கும். வெந்ததும் புள்ளியெல்லாம் மறைந்து ஒரே பழுப்பு நிறமாகிவிடும். முதல் தடவை நான் ஏமாந்துபோனேன்.

அசல் சாரோஸில் பன்றி இறைச்சி கட்டாயம். எங்கள் வீட்டில் அது கிடையாது, வெள்ளிக்கிழமை முழுச் சைவம் வேறு. அதைச் சொன்னதும் அவர் தோளைக் குலுக்கி, "மிளகாய் இருக்கிறதே, போதும்" என்றார். நானும் போதும் என்று நம்பி, அடுத்த வாரமே களத்தில் இறங்கினேன். அந்தக் கதையைச் சொல்லாமல் சமையல் குறிப்புக்குப் போக எனக்கு மனம் வரவில்லை.

அந்த வாரம் பிண்டோ கிடைக்கவில்லை. வீட்டில் சிவப்பு ராஜ்மா இருந்தது. இரண்டும் ஒரே இனம்தானே, ஃபேசியோலஸ் வல்காரிஸ், என்று இணையத்தில் படித்த தைரியம். இரவே ஊறப்போட்டேன். எனக்குக் காலை 6 மணிக்கு நேரலை. 4 மணிக்கு எழுந்து, ஊறிய ராஜ்மாவை ஸ்லோ குக்கரில் கொட்டி, தண்ணீர் ஊற்றி, 'லோ'வில் வைத்துவிட்டு நிலையத்துக்கு ஓடினேன். மதியம் வந்து பார்த்தால் பயறு இன்னும் கொஞ்சம் கடுக்கென்று இருந்தது. அதுவும் ஒரு பதம்தான் என்று அம்மாவைச் சமாளித்தேன். மகன் ஒரு வாய் தின்றுவிட்டுத் தட்டைத் தள்ளிவிட்டான். அம்மா, மகள் சமைத்ததை வீணாக்கக்கூடாது என்று முழுக்கிண்ணமும் சாப்பிட்டார்.

இரண்டரை மணி நேரம் கழித்து அம்மாவுக்கு வாந்தி ஆரம்பித்தது. அடுத்தது எனக்கு. 68 வயது, இரத்த அழுத்தக்காரர். கை கால் சில்லிட்டுப்போய் சோபாவில் சாய்ந்தவரைப் பார்த்ததும் எனக்கு நாக்கு உலர்ந்துவிட்டது. மருத்துவர் என்ன சாப்பிட்டீர்கள் என்று கேட்டார். சொன்னேன். "கொதிக்க வைத்தீர்களா?" என்பதுதான் அவருடைய அடுத்த கேள்வி. எனக்குப் பதில் இல்லை. இரவுக்குள் இருவரும் தேறிவிட்டோம். நரம்பில் ஊசி குத்திய இடத்தைத் தடவிக்கொண்டே அம்மா, "தோட்டத்துல விறகடுப்புல வெந்த எந்தப் பயறும் என்னை இப்படிப் படுக்கப்போட்டதில்ல" என்று சொன்னதுதான் இன்னும் காதில் இருக்கிறது.

விஷயம் இதுதான். இந்தப் பயறுகளில் ஃபைட்டோஹீமாக்ளூட்டினின் என்ற லெக்டின் வகைப் புரதம் இருக்கிறது. சிவப்பு ராஜ்மாவில் மிக அதிகம். பிண்டோ போன்றவற்றில் குறைவு, ஆனால் சமைக்கும் விதி ஒன்றுதான். அமெரிக்க உணவு, மருந்து நிர்வாகத்தின் கையேடு, பச்சையான 4 அல்லது 5 ராஜ்மாவே ஆளைப் படுக்கவைக்கப் போதும் என்கிறது. அதைவிடத் திடுக்கிட வைக்கும் செய்தி ஒன்றும் அதில் உண்டு. 80 டிகிரி வரை மட்டும் சூடான பயறு, பச்சைப் பயறைவிட 5 மடங்கு வரை அதிக நச்சுத்தன்மை கொள்ளலாம். ஸ்லோ குக்கரின் 'லோ' கொதிநிலைக்குப் போகாமலே இருந்துவிடலாம். பாதி சூடுதான் வில்லன். குறைந்தது 5 மணி நேரம் ஊறவைத்து, அந்தத் தண்ணீரைக் கொட்டிவிட்டு, புதுத் தண்ணீரில் 30 நிமிடம் தளதளவெனக் கொதிக்கவிட வேண்டும் என்பது அந்தக் கையேட்டின் கணக்கு. 10 நிமிடமே போதும் என்பவர்களும் உண்டு. என் வீட்டில் இனி 30தான். ஸ்லோ குக்கர் வேண்டுமென்றால் அதற்குப் பிறகு. நம் விசில் குக்கரில் வெப்பம் 100 டிகிரியைத் தாண்டிவிடுவதால் இந்தக் கவலை இல்லை. டப்பாவில் வரும் பயறு ஏற்கெனவே வெந்தது, அதற்கும் பயமில்லை.

அம்மா இரண்டு மாதம் என் பயறு பக்கமே வரவில்லை. இப்போது நான் செய்யும் முறை இது.

அரை கிலோ பிண்டோ. கல் பொறுக்கிக் கழுவி, 2 லிட்டர் தண்ணீரில் ஒன்றரை மேசைக்கரண்டி உப்புக் கரைத்து ஊறவைக்கிறேன். உப்பு போட்டால் பயறு வேகாது என்று நம் வீடுகளில் சொல்வார்கள். உண்மை நேர்மாறு. உப்புநீரில் ஊறினால் தோல் மென்மையாகும், வெடிக்காமல் வேகும். உண்மையில் வேகவிடாமல் தடுப்பது புளிப்பு. தக்காளியையும் எலுமிச்சையையும் பயறு வெந்தபிறகுதான் சேர்க்க வேண்டும். இன்னொன்று, நம் ஊர்ப் புழுக்கத்தில் இரவு முழுவதும் வெளியே வைத்தால் நுரை கட்டிப் புளித்துவிடும். குளிர்ப்பெட்டியில் வையுங்கள். எவ்வளவு வேகவைத்தும் கல்லாகவே இருந்தால் உங்கள் மேல் தப்பில்லை. சூட்டிலும் ஈரப்பதத்திலும் நெடுநாள் கிடந்த பயறு அப்படித்தான் இறுகிவிடும். அலமாரியில் மாதக்கணக்காகக் கிடக்கும் பொட்டலத்தை நம்ப வேண்டாம்.

ஊறியதை வடித்துக் கழுவி, குக்கரில் போட்டு, பயறுக்கு மேல் இரண்டு விரற்கடை நிற்கும்படி தண்ணீர். அரை வெங்காயம், நான்கு பல் பூண்டு. முதல் விசில் வந்ததும் தீயைக் குறைத்து 12 நிமிடம். ஆவி தானாக அடங்கட்டும். நாக்குக்கும் மேலண்ணத்துக்கும் நடுவே வைத்து அழுத்தினால் வெண்ணெயாக நசுங்க வேண்டும். வெந்த நீரைக் கொட்டிவிடாதீர்கள், குழம்பின் உயிரே அதில்தான்.

இனிப் புகை. சிப்போட்லே வேறொன்றுமில்லை, நன்றாகப் பழுத்துச் சிவந்த ஹலபெனோ மிளகாய்தான். அதன் சதை தடிப்பு என்பதால் வெயிலில் சரியாகக் காயாது, அழுகிவிடும். அதனால் நாள்கணக்கில் புகையில் வாட்டிக் காயவைத்தார்கள். அஸ்டெக் மக்களின் நாவாட்டில் மொழியில் சில்லி என்றால் மிளகாய், போக்ட்லி என்றால் புகை. இரண்டும் சேர்ந்ததுதான் இந்தப் பெயர். மிளகாயே அந்த மண்ணிலிருந்து போர்ச்சுகீசியர் கப்பலேறி நம்மிடம் வந்த பொருள் என்பதை அம்மாவிடம் சொன்னேன். "வரும்போது புகையை அங்கேயே விட்டுட்டு வந்திருக்கு, புத்திசாலி மிளகாய்" என்றார்.

பெரிய பேரங்காடிகளில் அடோபோ சாறில் ஊறிய சிப்போட்லே சின்ன டப்பாவில் கிடைக்கும். ஒரு சமையலுக்கு இரண்டு மிளகாயும் ஒரு கரண்டிச் சாறும் போதும். மிச்சத்தை அரைத்து ஐஸ் தட்டில் உறையவைத்துவிடுங்கள். கிடைக்கவில்லை என்றால் புகையூட்டிய பாப்ரிக்கா தூள் ஒரு தேக்கரண்டி, உடன் காய்ந்த மிளகாய் இரண்டு. அந்தத் தூள் ஸ்பெயினுடையது, மெக்சிகோவினுடையது அல்ல. ருசி வேறு, ஆனால் பழுதில்லை. புட்டியில் வரும் திரவப் புகையை மட்டும் எனக்குப் பிடிக்கவில்லை. ஒரு துளி கூடினாலும் ஆஸ்பத்திரி வாடை.

மூன்று தக்காளி, ஒரு வெங்காயம், தோலுரிக்காத நான்கு பூண்டுப் பல். எண்ணெய் விடாமல் காய்ந்த தோசைக்கல்லில் போட்டு, தோல் அங்கங்கே கறுக்கும்வரை திருப்பித் திருப்பிச் சுட வேண்டும். மெக்சிகோ வீடுகளில் கோமால் என்ற தட்டைக் கல்லில் இதையே செய்கிறார்கள். புகையில் பாதி இங்கேதான் பிறக்கிறது, அவசரப்படாதீர்கள். சன்னலைத் திறந்து வையுங்கள். நான் மறந்துபோய், கூரையில் இருந்த தீ எச்சரிக்கைக் கருவி அலறி, பக்கத்து வீட்டு மாமா சட்டை போடாமல் ஓடி வந்தார்.

சுட்டதைச் சிப்போட்லேயோடு சேர்த்து அரைத்து, மூன்று கரண்டி எண்ணெயில் வதக்குங்கள். நம் குழம்புக்கு மசாலா வதக்குவது போலத்தான், எண்ணெய் ஓரம் பிரியும்வரை. அரைத் தேக்கரண்டிச் சீரகத்தூள், உள்ளங்கையில் தேய்த்த ஒரேகானோ கொஞ்சம். சீரகத்தில் கை தாராளமானால் அது டெக்சஸ் பக்கம் போய்விடும் என்று தோழி எச்சரித்தார். பிறகு பயறும் வெந்த நீரும். உப்பு பார்த்து, மூடாமல் 20 நிமிடம் சிறுதீயில். கடைசியில் ஒரு கரண்டிப் பயறைப் பாத்திரத்தின் ஓரத்தில் வைத்து மசித்துவிட்டால் சாறு தானாகக் கெட்டிப்படும். இறக்கி, எலுமிச்சை பிழிந்து, கொத்தமல்லியும் பொடியாக நறுக்கிய வெங்காயமும் தூவ வேண்டும். சோளத் தொர்த்தியா இருந்தால் நல்லது. எங்கள் வீட்டில் சோறு.

மறுநாள் மிஞ்சினால் கெட்டியாக மசித்து எண்ணெயில் வறட்டுங்கள். அதுதான் ஃப்ரிஹோலெஸ் ரெஃப்ரிதோஸ். பெயரைப் பார்த்து இரண்டு முறை பொரித்தது என்று நினைத்துவிட வேண்டாம். மெக்சிகோ பேச்சுவழக்கில் அந்த 'ரெ' நன்றாக, மிக என்ற அழுத்தம்தான். வானொலியில் வேலை பார்ப்பவளுக்கு இப்படி ஓர் எழுத்தில் தடுக்கி விழுவது சந்தோஷம்.

போன வெள்ளிக்கிழமை அம்மா அடுப்படிக்கு வந்து குக்கரையும் கடிகாரத்தையும் மாறி மாறிப் பார்த்துக்கொண்டு நின்றார். விசில் வந்ததும், "அரை மணி நேரமாச்சும் கொதிக்கட்டும்" என்றார். குக்கரில் அவ்வளவு நேரம் வேண்டாம் என்று விளக்கிப் பார்த்தேன். கேட்கவில்லை. முழு அரை மணி நேரம் கொதித்தது. பயறு குழைந்தே போனது. ஒரு கிண்ணம் வாங்கிக்கொண்டு போய்ச் சோற்றில் பிசைந்து சாப்பிட்டவர், சற்று நேரத்தில் திரும்பி வந்தார்.

"கொஞ்சம் புளி கரைச்சு விட்டிருக்கலாம்" என்றார். கிண்ணத்தை மறுபடி நீட்டினார்.