பீச் பழம் எதற்கு? சேலம் மாம்பழம் இருக்கிறதே!

அமெரிக்கப் பலகாரம் ஒன்று உண்டு. அதன் பெயர் 'பீச் காப்ளர்'. பழத்துண்டுகளோடு மாவைச் சேர்த்து, தணல் சூட்டில் வேகவைத்து எடுப்பது.

இன்று பிள்ளைகள் கைப்பேசியில் இந்தப் பலகாரத்தைப் பார்க்கிறார்கள். "அம்மா, இதைச் செய்து கொடு" என்று கேட்கிறார்கள்.

சேலம் அம்மாபேட்டையில், தறி ஓடும் வீட்டில் உள்ள தாய் என்ன சொல்வாள்? "பீச் பழத்துக்கு எங்கே போவேன்? கேக் சுடும் அடுப்பும் இல்லையே! அதெல்லாம் பணக்காரர் வீட்டுப் பண்டம், கண்ணு" என்று சொல்லிவிடுவாள்.

இந்த எண்ணம் சரியல்ல.

தணலில் பிறந்த பண்டம்

காப்ளர் பணக்காரர் பண்டமே அல்ல. அமெரிக்காவில் குடியேறிய மக்கள், புது நிலம் தேடி வண்டி கட்டிக்கொண்டு போனார்கள். அவர்களிடம் ரொட்டி சுடும் அடுப்பு இல்லை. கனத்த இரும்புச் சட்டி ஒன்றுதான் இருந்தது. அதில் பழத்தைப் போட்டார்கள். மாவைச் சேர்த்தார்கள். அடியிலும் தணல், மூடியின் மேலும் தணல். பலகாரம் தயார்!

இந்த வித்தை தமிழ்நாட்டுக்குப் புதிதா? இல்லை. பிரியாணிக்குத் 'தம்' போடும்போது மூடிமேல் தணலை அள்ளி வைக்கிறார்களே, அதே முறைதான்.

லெட்டிஸ் பிரையன் என்ற அமெரிக்கப் பெண்மணி 1839-ம் ஆண்டு ஒரு சமையல் புத்தகம் வெளியிட்டார். அதில் பீச் காப்ளர் இருக்கிறது. இது விருந்தாளிகளுக்கு வைக்கும் நாகரிகப் பண்டம் அல்ல, வீட்டாருக்கு ஏற்ற நல்ல பண்டம் என்றே அவர் சொன்னார்.

பழம் மாறலாம்

பீச் பழத்தின் சொந்த நாடு சீனா. ஸ்பெயின் நாட்டார்தான் அதை அமெரிக்காவுக்குக் கொண்டு போனார்கள். அங்கே கைக்குக் கிடைத்தது, சட்டியில் ஏறியது. ஆப்பிள், செர்ரி பழங்களிலும் அங்கே காப்ளர் செய்கிறார்கள்.

தமிழ்நாட்டில் நீலகிரியிலும் கொடைக்கானலிலும் பீச் விளைகிறது. சேலத்து வெயிலுக்கு அது ஒத்துவராது. சேலத்தில் கைக்குக் கிடைப்பது மாம்பழம். மல்கோவா, இமாம்பசந்த், செந்தூரம், பெங்களூரா என்று கோடையில் வந்து குவிகிறது.

"மாம்பழத்தை அப்படியே சாப்பிடலாமே, அடுப்பில் ஏற்றுவானேன்?" என்று கேட்கலாம். நியாயம்தான். நல்ல மல்கோவாவை அடுப்பில் வைப்பது பாவம்! ஆனால் தழும்பு விழுந்த பழம், சற்றுப் புளிக்கும் பழம் என்ன ஆகிறது? வாங்குவார் இல்லை. அழுகிக் குப்பைக்குப் போகிறது. தோட்டக்காரர் சிந்திய வியர்வையும் அதோடு போகிறது. காப்ளருக்கு ஏற்றது அந்தப் பழம்தான்.

செய்யும் முறை

கெட்டியான மாம்பழம் நான்கு எடுத்து, தோல் சீவித் துண்டு போட வேண்டும். நாட்டுச் சர்க்கரை 100 கிராம், எலுமிச்சைச் சாறு ஒரு தேக்கரண்டி, சிறிது சுக்குப் பொடி, ஏலப்பொடி சேர்த்துப் பிசறி வைக்க வேண்டும்.

மாவு 125 கிராம், சர்க்கரை 75 கிராம், பேக்கிங் பவுடர் ஒன்றரைத் தேக்கரண்டி, உப்பு ஒரு சிட்டிகை. இவற்றில் 150 மில்லி பால் ஊற்றித் தோசைமாவு போலக் கரைக்க வேண்டும். கனமான பாத்திரத்தில் 60 கிராம் வெண்ணெயை உருக்கி ஊற்றி, அதன்மேல் மாவை ஊற்றி, அதன்மேல் பழத்தைப் பரப்ப வேண்டும். கிளறக் கூடாது. வேகும்போது மாவே பொங்கி வந்து பழத்தை மூடும்.

பெரிய இரும்புச் சட்டியில் இரண்டு விரற்கடை உயரம் மணல் பரப்பி, மூடி, பத்து நிமிடம் காயவிட வேண்டும். மணல்மேல் பாத்திரத்தை வைத்து மூடி, சிறு தீயில் முக்கால் மணி நேரம் விட வேண்டும். குச்சியால் குத்தினால் மாவு ஒட்டக் கூடாது. அதுதான் பதம்.

வீண் பெருமை வேண்டாம்

தினமும் தின்னும் பண்டம் அல்ல இது. மாம்பழக் காலத்தில் ஒரு ஞாயிற்றுக்கிழமை போதும்.

டப்பாவில் அடைத்த பீச் வாங்கிச் செய்தால்தான் உயர்வு என்று நினைப்பது வீண் பெருமை. அயல்நாட்டாரைப் பார்த்துக் கற்க வேண்டியது அவர்களுடைய பழத்தை அல்ல. இருப்பதைக் கொண்டு செய்யும் அவர்களுடைய கெட்டிக்காரத்தனத்தைத்தான்.

அடுத்த முறை பிள்ளை கேட்டால், "இல்லை" என்று சொல்ல வேண்டாம். சந்தைக்குப் போய், தழும்பு விழுந்த மாம்பழம் இரண்டு கிலோ வாங்கி வந்தால் போதும்!