பின்னால் நிற்கும் பிள்ளை



சென்ற மாதம் ஒரு நாள் பின்னேரம் என் தங்கை வீட்டுக்குப் போயிருந்தேன். எங்கள் கரைத்தீவில் அந்த நேரம் கடற்காற்று மண்ணை அள்ளி வீசும். வாசலில் ஒரு சோடி பூட்ஸ் சேறோடு கவிழ்ந்து கிடந்தது. உள்ளே தங்கையின் மூத்த மகன் சுவரைப் பார்த்துப் படுத்திருந்தான். வழக்கமாக அந்த நேரத்தில் அவனைப் பிடிக்க முடியாது. பந்தோடு வெளியே நிற்பான்.

"என்ன, காய்ச்சலா?" என்று கேட்டேன்.

"காய்ச்சல் ஒன்றும் இல்ல ராத்தா. பாடசாலை டீமுக்கு எடுக்கலயாம். உயரம் காணாதாம். காலையில இருந்து ஒரு வாய் சாப்பிடல்ல" என்றாள் தங்கை. பிறகு குரலைத் தாழ்த்தி, "ஒரு வகையில நல்லதுதான். அடுத்த வருஷம் ஓ.எல். வருது. அந்த பூட்ஸை யாருக்காவது கொடுத்துடப் போறேன். இந்தப் பந்தால ஆருக்கு என்ன கிடைச்சிச்சு?" என்றாள்.

அவள் மெதுவாகச் சொன்னாலும் பிள்ளையின் காதில் விழுந்துவிட்டது. முகத்தைத் திருப்பாமலே சொன்னான்: "கோல் அடிக்கிறவனுக்குத்தான் பேர் பெரியம்மா. நான் பின்னுக்கு நிக்கிறவன். பின்னுக்கு நிக்கிறவனை ஆரு பார்க்கிற?"

தாயின் கேள்வி ஒன்று, மகனின் கேள்வி ஒன்று. அன்றிரவு அவர்கள் இருவருக்கும் நான் சொன்ன இரண்டு மனிதர்களின் கதையைத்தான் இந்த மாதம் உங்களுக்கும் சொல்லப் போகிறேன். உதைபந்தாட்டம் நமக்கென்ன தெரியும் என்று பக்கத்தைப் புரட்டிவிடாதீர்கள். பந்து விளையாடும் மகனோ, தம்பியோ, பேரனோ இல்லாத வீடு நம் கரையோரத்தில் எங்கே இருக்கிறது?

முதலில் இந்தப் 'பின்னுக்கு நிற்பது' என்னவென்று பார்ப்போம். ஓர் அணியில் பதினொரு பேர். ஒருவர் கோல்காப்பாளர். அவருக்கு முன்னால் பெரும்பாலும் நான்கு பேர் நிற்பார்கள். எதிரணியின் பந்து கோலை நெருங்காமல் மறிப்பது அவர்கள் வேலை. பின்கள வீரர்கள் என்று பத்திரிகைகளில் எழுதுவார்கள். தொண்ணூறு நிமிடமும் அவர்கள் சரியாகச் செய்தால் ஒன்றுமே நடக்காது. ஒன்றும் நடக்காததை யார் கைதட்டிப் பாராட்டுவார்? ஒரே ஒரு தடவை கால் பிசகினால் மட்டும் மைதானம் முழுவதும் அவர் பேரைச் சொல்லும்.

நமக்குத் தெரியாத விடயமா இது? வருஷம் முழுக்க ஆணத்தில் உப்பு சரியாக இருந்தால் யாரும் வாய் திறப்பதில்லை. ஒரு நாள் கூடிவிட்டால் போதும், வாப்பா முதல் கடைக்குட்டி வரை சொல்லிக்காட்டுவார்கள். பின்கள வீரனின் நிலைமை பெண்களாகிய நமக்குத்தான் நன்றாக விளங்கும்.

இனி முதலாவது மனிதரிடம் வருவோம். பெயர் ஆண்ட்ரூ ரொபர்ட்சன். ஸ்கொட்லாந்தின் கிளாஸ்கோ நகரில் 1994ஆம் ஆண்டு பிறந்தவர். அந்த ஊரின் மிகப் பெரிய கழகங்களில் ஒன்று செல்டிக். சிறுவனாக இருக்கும்போதே அதன் இளைஞர் அணியில் சேர்ந்துவிட்டார். பதினைந்து வயதானபோது அவரை அனுப்பிவிட்டார்கள். காரணம்? ஆள் சிறிது, உயரம் காணாது! இதைச் சொன்னபோதுதான் எங்கள் வீட்டுப் பிள்ளை முதன்முதலாகச் சுவரை விட்டு இந்தப் பக்கம் திரும்பினான்.

வெளியே வந்த பையன் குயின்ஸ் பார்க் என்ற கழகத்தில் சேர்ந்தான். அது 1867இல் தொடங்கியது. ஸ்கொட்லாந்தில் அதைவிடப் பழைய கழகம் இல்லை. ஆனால் விளையாடுகிறவர்களுக்குச் சம்பளம் கொடுக்காத கழகம். விளையாட்டை விளையாட்டுக்காகவே ஆட வேண்டும் என்பது அவர்கள் கொள்கை. 2019இல்தான் அதை மாற்றத் தீர்மானித்தார்கள். 2012இல் ரொபர்ட்சன் அதன் முதல் அணியில் ஆடத் தொடங்கியபோது, அந்த அணி நாட்டின் நான்காவது, அதாவது ஆகக் கீழான பிரிவில் இருந்தது. அவருக்குப் பதினெட்டு வயது. கையில் காசில்லை. இந்த வயதில் காசில்லாத வாழ்க்கை ஒரு வாழ்க்கையா, ஒரு வேலை வேண்டும் என்று அப்போது பகிரங்கமாகவே புலம்பியிருக்கிறார்.

வேலையும் கிடைத்தது. கிளாஸ்கோவில் ஹாம்ப்டன் பார்க் என்ற பெரிய மைதானம் இருக்கிறது. ஸ்கொட்லாந்தின் தேசிய அணி ஆடும் இடம். அங்கே தொலைபேசிக்குப் பதில் சொல்லி, மற்றவர்கள் ஆட்டம் பார்ப்பதற்கும் பாட்டுக் கச்சேரி பார்ப்பதற்கும் டிக்கட் கொடுக்கும் வேலை. அப்போது தன் சொந்த அணி ஆடியதும் அதே மைதானத்தில்தான். ஐம்பதாயிரம் பேர் இருக்கக்கூடிய அந்த இடத்தில் அவர்கள் ஆட்டத்தைப் பார்க்க வந்தவர்கள் பெரும்பாலும் சில நூறு பேர்தான்.

இந்த இடத்தில் அவருடைய பெற்றோரைக் கவனியுங்கள் சகோதரிகளே. பந்தை விடு என்று அவர்கள் சொல்லவில்லை. படிப்பை விடு என்றும் சொல்லவில்லை. ஒரு வருடம் முயன்று பார், சரிவராவிட்டால் பல்கலைக்கழகம் போ என்பதுதான் அந்த வீட்டில் எடுத்த முடிவு. ஒரு வருடம்! பிள்ளைக்கு அவமானமும் இல்லை, பெற்றவர்களுக்கு ஏமாற்றமும் இல்லை.

அந்த ஒரு வருடம் போதுமாக இருந்தது. 2013இல் டண்டி யுனைட்டட் என்ற முதற்பிரிவுக் கழகம் அவரை எடுத்தது. 2014இல் நாட்டின் தேசிய அணிக்கு ஆடினார். அதே ஆண்டு இங்கிலாந்தின் ஹல் சிட்டி, 2017இல் லிவர்பூல். 2018இல் ஸ்கொட்லாந்து அணியின் தலைவரானார். 2019இல் ஐரோப்பிய சம்பியன் கிண்ணம். 2020இல் லிவர்பூல் முப்பது வருடம் காத்திருந்த இங்கிலாந்து லீக் பட்டம். இத்தனைக்கும் அவர் நிற்கும் இடம் பின்வரிசையில் இடது மூலை.

இப்படிப் பெரிய இடத்துக்குப் போனதால் மட்டும் நான் இந்தக் கதையைச் சொல்லவில்லை. தனது இருபத்தோராவது பிறந்தநாளுக்கு, எனக்குப் பரிசு எதுவும் வாங்காதீர்கள், அந்தப் பணத்தை உணவு வங்கிக்குக் கொடுங்கள் என்று உறவினரிடமும் நண்பரிடமும் அவர் கேட்டுக்கொண்டார். சமைக்க வழியில்லாத குடும்பங்களுக்கு அரிசி பருப்பு போல உலர் உணவு கொடுக்கும் நிலையத்தைத்தான் அங்கே உணவு வங்கி என்பார்கள். பணக்கார நாட்டிலும் பசி இருக்கிறது. காசில்லாமல் இருந்த பதினெட்டு வயதை அந்தப் பிள்ளை மறக்கவில்லை.

2018இல் இன்னொன்று நடந்தது. ஒரு சின்னப் பையன் தன் கைச்செலவுக் காசை உணவு வங்கிக்குக் கொடுத்ததாக ரொபர்ட்சன் கேள்விப்பட்டார். நன்றிக் கடிதம் எழுதி, பரிசாக ஒரு ஜேர்சியும் அனுப்பினார். அது அவருடைய ஜேர்சி அல்ல. கோல் அடிக்கும் ஃபிர்மினோவிடம் கேட்டு வாங்கியது. இடது பக்கம் பின்னால் நிற்கிறவனின் ஜேர்சி யாருக்கு வேண்டும் என்று கடிதத்தில் வேடிக்கையாக எழுதியிருந்தார். எங்கள் பிள்ளை கேட்ட அதே கேள்வி! ஆனால் அதில் கசப்பில்லை, சிரிப்பு இருக்கிறது.

"அது சரி ராத்தா, ஆயிரத்தில ஒருத்தனுக்குத்தானே அப்படி நடக்கும்?" என்றாள் தங்கை.

உண்மைதான். ஸ்கொட்லாந்து லீக்கில் நான்கு பிரிவுகளிலும் சேர்த்து 42 கழகங்கள் இருக்கின்றன. கீழ்ப் பிரிவுகளில் ஆடுகிறவர்களில் பெரும்பாலானவர்கள் பகலில் வேறு தொழில் செய்கிறவர்கள். கட்டட வேலை, மின்சார வேலை, ஆசிரியத் தொழில் என்று ஏதாவது ஒன்று. வாரத்தில் இரண்டு இரவு பயிற்சி, சனிக்கிழமை ஆட்டம். ஆர்ப்ரோத் என்ற ஊரின் மைதானம் நம் ஊர் மைதானம் போலக் கடலை ஒட்டியே இருக்கிறது. காற்று பலமாக அடித்தால் பந்து எங்கே போகும் என்று அடித்தவனுக்கே தெரியாது. அப்படியான ஊர்களில் பத்துப் பன்னிரண்டு வருடம் பின்வரிசையில் நின்றுவிட்டு, யாரும் அறியாமல் ஒதுங்கிப் போனவர்கள் எத்தனையோ பேர். குடும்பத்தைத் தொழில் காத்தது. பந்து அவர்களுக்குக் கூட்டாளிகளையும் உடல் நலத்தையும் கொடுத்தது. அதை வீண் என்று எப்படிச் சொல்வது?

பெரிய இடம் வாசலில் வந்து நின்றும் வேண்டாம் என்று திரும்பியவர் ஒருவர் இருக்கிறார். அவர்தான் நான் சொல்ல வந்த இரண்டாவது மனிதர். ரொபர்ட்சனை அனுப்பிவிட்ட அதே செல்டிக் கழகத்துக்கு, அவர் பிறப்பதற்கு 58 வருடம் முன்னரே போனவர். நம் பக்கத்து நாட்டவர்.

பெயர் முஹம்மது சலீம். கல்கத்தாவின் மட்டியாபுர்ஜ் பகுதியில் பிறந்தவர். இவர் பின்வரிசைக்காரர் அல்லர், ஓரத்தில் ஓடிப் பந்தை முன்னே கொடுப்பவர். கோல் அடிக்கிறவனுக்கு வழி செய்து கொடுக்கும் வேலை. கல்கத்தா முஹம்மதன் ஸ்போர்ட்டிங் கழகத்தின் பெயரை நம் மூத்தவர்கள் சிலர் கேள்விப்பட்டிருப்பார்கள். 1934இல் கல்கத்தா லீக்கை வென்ற முதல் இந்திய அணி அது. அதுவரை அந்தப் பட்டம் வெள்ளைக்காரர் அணிகளுக்கே போய்க்கொண்டிருந்தது. 1938 வரை தொடர்ந்து ஐந்து வருடம் முஹம்மதன் ஸ்போர்ட்டிங்கே வென்றது. சலீம் அந்த அணியின் மணி. ஆடுவது வெறுங்காலில்!

1936இல் ஹஷீம் என்ற உறவினர் அவரைக் கப்பலில் ஸ்கொட்லாந்துக்கு அழைத்துப் போனார். செல்டிக் கழகத்தை அப்போது நடத்தி வந்தவர் வில்லி மெய்லி. ஹஷீம் அவரிடம் போய், இந்தியாவிலிருந்து நல்ல ஆட்டக்காரர் ஒருவர் வந்திருக்கிறார், பரீட்சித்துப் பாருங்கள், ஆனால் அவர் சப்பாத்துப் போடமாட்டார் என்று சொன்னார். ஸ்கொட்லாந்துக்காரர்களின் இரும்பு போன்ற பூட்ஸுக்கு முன்னால் வெறுங்காலா? மெய்லிக்குச் சிரிப்பு வந்திருக்கும். ஆனாலும் பார்த்தார். பார்த்ததும் எடுத்தார்.

செல்டிக்கின் இரண்டாம் அணிக்குச் சலீம் இரண்டு ஆட்டங்கள் ஆடினார். ஹமில்டன் அணியோடு ஒன்று, கால்ஸ்டன் அணியோடு ஒன்று. இரண்டிலும் செல்டிக் வென்றது. கால்ஸ்டனுக்கு ஏழு கோல். காலில் சப்பாத்துக்குப் பதிலாகத் துணிக்கட்டு. செல்டிக்கின் பயிற்சியாளர் குந்தியிருந்து அந்தக் கட்டைச் சுற்றிவிடும் புகைப்படம் இன்றைக்கும் இருக்கிறது. அது வெள்ளைக்காரர் நம்மை ஆண்ட காலம் என்பதை நினைத்துக்கொண்டு அந்தப் படத்தைப் பார்க்க வேண்டும். அடுத்த நாள் பத்திரிகை, இந்திய வித்தைக்காரர் என்று தலைப்புப் போட்டது.

இருக்கச் சொல்லிக் கேட்டார்கள். சலீமுக்கு வீட்டு ஞாபகம் தாங்கவில்லை. அவரை எப்படியாவது நிறுத்துவதற்காக ஓர் ஆட்டம் வைத்து, வசூலில் நூற்றுக்கு ஐந்து பங்கு அவருக்கென்று சொன்னார்களாம். அது எவ்வளவு வரும் என்று அறியாமலே, அன்று ஆட்டம் பார்க்க வந்திருந்த அனாதைப் பிள்ளைகளுக்கு அதைக் கொடுத்துவிடுங்கள் என்று சொல்லிவிட்டார். பிறகு கணக்குப் பார்த்தால் பெருந்தொகை. சொன்ன வாக்கை அவர் மாற்றவில்லை. கல்கத்தாவுக்குத் திரும்பி மறுபடியும் முஹம்மதன் ஸ்போர்ட்டிங்குக்கே ஆடினார்.

அவர் முதுமையில் நோயுற்றிருந்தபோது மகன் செல்டிக் கழகத்துக்கு ஒரு கடிதம் எழுதினார். வைத்தியச் செலவுக்கு உதவி வேண்டும் என்று எழுதினாலும், பணம் தன் நோக்கமல்ல, வாப்பாவை அவர்கள் நினைவில் வைத்திருக்கிறார்களா என்று அறியவே எழுதினேன் என்று மகன் பிற்காலத்தில் சொன்னார். பதிலோடு 100 பவுணுக்கு ஒரு வங்கிப் பத்திரம் வந்தது. மகன் அதை மாற்றவில்லை, பத்திரமாக வைத்துக்கொண்டார். 1980இல் சலீம் காலமானார். இரண்டே இரண்டு ஆட்டம்! நாற்பது வருடம் கழித்தும் மறக்கவில்லை.

கதை முடிந்தபோது பிள்ளை எழுந்து உட்கார்ந்திருந்தான். தங்கை ஒன்றும் பேசாமல் தட்டில் சோறு போட்டு வந்து அவன் முன்னே வைத்தாள். அவன் சாப்பிட்டான்.

இந்தப் பந்தால் யாருக்கு என்ன கிடைத்தது என்று அவள் கேட்டாள் அல்லவா? ஒருவருக்குக் கிண்ணங்கள் கிடைத்தன. ஒருவருக்கு இரண்டு ஆட்டம் கிடைத்தது. ஆனால் பசித்த வீட்டையும் அனாதைப் பிள்ளையையும் இருவரும் நினைத்தார்கள். அந்தக் குணத்தை எந்தக் கழகமும் கொடுத்திருக்காது. அது வீட்டிலிருந்து போயிருக்க வேண்டும்.

ஆகவே சகோதரிகளே, உங்கள் பிள்ளை ஒரு நாள் தலை குனிந்து வீட்டுக்கு வந்தால், அன்றைக்கே பூட்ஸைத் தூக்கி எறியாதீர்கள். நல்லதாய்ப் போச்சு என்ற சொல்லை வாயில் வைக்காதீர்கள். அந்தச் சொல் தெரிவில் விடுபட்டதைவிட அதிகமாக வலிக்கும். அன்று சோறு கொடுங்கள். அடுத்த நாள் பக்கத்தில் இருத்திக் கணக்குப் பேசுங்கள். எத்தனை மணி பந்து, எத்தனை மணி பாடம், எத்தனை மாதம் பார்ப்பது என்று பேசி முடிவெடுங்கள். சொன்ன சொல்லுக்கு அவனும் நிற்கட்டும், நாமும் நிற்போம்.

எங்கள் வீட்டில் முடிவான கணக்கு இது: ஓ.எல். முடியும்வரை அஸருக்குப் பிறகு ஒரு மணி நேரம் மட்டும் பந்து, மஃரிபுக்குப் பிறகு புத்தகம். அடுத்த தெரிவுக்கு மறுபடியும் போகலாம். உயரம் வந்தாலும் வராவிட்டாலும் போகலாம்.

நேற்று அந்தப் பக்கம் போனேன். பூட்ஸ் கழுவப்பட்டு மதிலில் காய்ந்துகொண்டிருந்தது. கழுவியது யார் என்று கேட்டேன்.

தங்கை பதில் சொல்லவில்லை. சிரித்துக்கொண்டே அடுப்பங்கரைக்குப் போய்விட்டாள்.